பாட்டியைப் பார்க்கத்தான் பஸ் ஏறினாள்

கேள்வி: என் தோழிக்கு 22 வயது. பாட்டி சாகக் கிடக்கிறாள் என்று போன் செய்து, ஹாஸ்டலிலிருந்து ஊருக்கு வரவழைத்தார்கள். மூன்றாம் நாள் மாமா மகனோடு கல்யாணம். புகார் கொடுக்கப் போனால், "பெத்தவங்க மேல கடத்தல் கேஸா? அவளாத்தானே வந்தா? போட்டோல சிரிச்சுக்கிட்டு நிக்கிறாளே" என்கிறார்கள். சட்டம் இவ்வளவுதானா?

பதில்: இல்லை. உங்களைத் திருப்பி அனுப்பியவர் ஆள்கவர்தலையும் ஆள்கடத்தலையும் ஒன்றாக்கிவிட்டார். 18 வயது ஆகாதவரைப் பாதுகாவலரிடமிருந்து கூட்டிப்போவது கவர்தல். அது பெற்றோருக்குப் பொருந்தாது. கடத்தல் வேறு. பலவந்தமாகவோ ஏமாற்றியோ ஒருவரை ஓரிடத்திலிருந்து கிளம்பவைத்தால் கடத்தல் என்கிறது இப்போதைய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 138-ஆம் பிரிவு. கிளம்பவைத்தவர் அப்பாவா அந்நியரா என்று அது கேட்பதில்லை. விருப்பமில்லாத கல்யாணத்துக்காகக் கடத்தினால் 87-ஆம் பிரிவு. 10 ஆண்டு வரை சிறை. (2024 ஜூலை 1-க்கு முன் நடந்ததென்றால் பழைய இந்திய தண்டனைச் சட்டத்தின் 362, 366-ஆம் பிரிவுகள்.)

அவளாகத்தான் பஸ் ஏறினாள், சரி. பாட்டியைப் பார்க்க ஏறினாள். கழுத்தை நீட்ட ஏறவில்லை. பொய்யை நம்பிக் கொடுத்த சம்மதம் சம்மதமே அல்ல என்பதை 28-ஆம் பிரிவு தெளிவாகச் சொல்கிறது.

இனி நிரூபணம். இத்தகைய வழக்குகள் தோற்பதற்குப் பெரிய காரணம், புகார் முழுக்கக் கல்யாண மண்டபத்தையே சுற்றிவருவதுதான். யார் அழுதது, யார் அடித்தது என்று இரண்டு பக்கம் இருக்கும்; கிளம்பிய கதை ஒரு வரியில் முடிந்துவிடும். கடத்தல் நடந்தது என்று காட்டினால் மட்டும் போதாது, கல்யாணத்துக்காகத்தான் கடத்தினார்கள் என்பதையும் அரசுத் தரப்பு காட்டியாக வேண்டும். அந்த நோக்கம் போன் செய்த நாளிலேயே இருந்ததா? மண்டபத்துக்கு அட்வான்ஸ் கட்டிய ரசீது, பத்திரிகை அச்சடித்த பில், சமையல்காரருக்குச் சொன்ன தேதி ஆகியவற்றைத் தேடச் சொல்லுங்கள். 5-ஆம் தேதி "பாட்டி சீரியஸ்" என்று போன். மண்டபத்துக்கு 1-ஆம் தேதியே பணம் கட்டியாகிவிட்டது என்றால், அந்த ஒரு ரசீது பத்து சாட்சிக்குச் சமம். ஹாஸ்டலில் லீவு கேட்டு அவள் எழுதிய காரணம், பாட்டி அந்த வாரம் எங்கே எப்படி இருந்தார் என்பது, வந்த வாட்ஸ்அப் குரல் செய்தி எல்லாம் சேர வேண்டும். போனை ரீசெட் செய்யாதீர்கள், எதையும் அழிக்காதீர்கள். மின்னணு ஆதாரத்துக்கு புதிய சாட்சியச் சட்டம் (பாரதிய சாக்ஷ்ய அதினியம்) 63-ஆம் பிரிவின் சான்றிதழ் வேண்டும். ஹாஸ்டல் வாசல் கேமராப் பதிவு சில வாரங்களில் அழிந்துவிடும். இன்றே எழுதிக் கேளுங்கள்.

சிரித்த போட்டோவும் பதிவேட்டுக் கையெழுத்தும் சடங்கு நடந்ததற்குத்தான் சான்று. அந்த மூன்று நாளும் அவள் போன் யார் கையில் இருந்தது, வெளியே தனியாகப் போக முடிந்ததா, தாலிக்கு முன் "எனக்கு இஷ்டமில்லை" என்று மாப்பிள்ளையிடம் சொன்னாளா என்பதை அவள் சொல்ல வேண்டும். கடைசிக் கேள்வி முக்கியம். தெரிந்தே சேர்ந்தார் என்று காட்டாமல் மாப்பிள்ளையைக் குற்றவாளியாக்க முடியாது. "மருந்தைக் குடித்துவிடுவேன்" என்று அம்மா மிரட்டியிருந்தால் அதையும் விடாமல் சொல்லட்டும். தற்கொலை மிரட்டல் வற்புறுத்தலே என்று சென்னை உயர் நீதிமன்றம் நூறு ஆண்டுக்கு முன்பே ஓர் ஒப்பந்த வழக்கில் பெரும்பான்மையாகத் தீர்ப்பளித்திருக்கிறது. கிரிமினல் வழக்கை அது கட்டுப்படுத்தாது, ஆனால் வக்கீல் எடுத்துவைக்கலாம்.

இவற்றை அவள் மாஜிஸ்திரேட் முன் சொல்ல வேண்டும் (குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா, 183-ஆம் பிரிவு). அந்த வாக்குமூலம் தனியாக நின்று தண்டனை வாங்கித் தராது. விசாரணையில் அவள் மாற்றிச் சொன்னால் வழக்கு ஆட்டம் காணும். அதனால் சாட்சி சொல்லும் நாள்வரை அவள் தங்க வீட்டாரின் கைக்கு எட்டாத இடம் பாருங்கள்.

இப்போதும் வீட்டில் அடைத்துவைத்திருந்தால் முதலில் அவளை நேரில் கொண்டுவரச் சொல்லி உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு. தோழியான நீங்களே போடலாம். ஸ்டேஷனில் வாங்க மறுத்தால் புகாரை எழுத்தில் எஸ்.பி.க்குத் தபாலில் அனுப்புங்கள். அதற்கும் அசையாவிட்டால் பிரமாணப் பத்திரத்தோடு மாஜிஸ்திரேட்டிடம் போகலாம்.

கல்யாணத்தை ரத்து செய்வது தனி வழக்கு. இந்து திருமணச் சட்டம் 12-ஆம் பிரிவுப்படி, வற்புறுத்தல் ஓய்ந்த அல்லது ஏமாற்று தெரியவந்த நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் மனு போட வேண்டும். அதன்பின் முழு மனதோடு சேர்ந்து வாழ்ந்தாள் என்று எதிர்த் தரப்பு நிரூபித்துவிட்டால் அந்த வழியும் அடைபடும்.