ஒரு நிமிடத்துக்கு எவ்வளவு கதை?

மதிப்புக்குரிய ஐயா,

நாங்கள் யாழ்ப்பாணத்தில் குறும்படம் எடுக்கிற நாலு பேர். பல நாடுகளில் எடுத்த ஒரு நிமிடப் படங்களை ஒன்றாகக் கோத்துத் திரையிடும் தொகுப்பு ஒன்றுக்குப் படம் கேட்டிருக்கிறார்கள். எங்களிடம் 14 நிமிடப் படம் ஒன்று இருக்கிறது. நெடுந்தீவில் தனியாக இருக்கும் அப்பம்மா, வெளிநாடு போகும் பேரன். வீட்டில் ஒரு காட்சி, இறங்குதுறையில் ஒரு காட்சி, கடைசியில் கனடாவிலிருந்து போன். அப்பம்மா கட்டிக்கொடுத்த ஒடியல் (காய்ந்த பனங்கிழங்கு) பையைப் பாரம் கூடிவிடும் என்று பேரன் திருப்பிக் கொடுக்கிற இடமும் உண்டு. வெட்டி வெட்டி ஒரு நிமிடத்துக்குக் கொண்டுவந்துவிட்டோம். பார்த்தவர்கள் எல்லாரும் “டிரெய்லர் நல்லாயிருக்கு, படம் எப்ப வரும்?” என்கிறார்கள். எங்கே பிழைத்தது? எடுக்கும்போது எவற்றைக் கவனிக்க வேண்டும்?

ஒரு வாசகர், கோண்டாவில்

அன்புள்ள தம்பிக்கு,

பார்த்தவர்கள் சரியாகத்தான் சொல்லியிருக்கிறார்கள். வீடு, துறை, கனடா என்று மூன்று இடம், மூன்று காலம். இடமோ காலமோ மாறும் ஒவ்வொரு முறையும் பார்ப்பவர் ‘இது எங்கே, யார் இவர்’ என்று பிடித்துக்கொள்ள மூன்று, நாலு செக்கன் வேண்டும். 14 நிமிடத்தில் அது தெரியாது. 60 செக்கனில் அதுவே படத்தின் ஐந்தில் ஒரு பங்கு வரை தின்றுவிடும். மிச்சத்தில் நிகழ்ச்சி நடக்காது, நிகழ்ச்சியின் அடையாளங்கள்தான் ஓடும். டிரெய்லர் என்பது அதுதானே. ஒரு நிமிடப் படத்தை நீண்ட படத்திலிருந்து வெட்டி எடுக்க முடியாது. ஒரு நிமிடத்தில் உண்மையாகவே நடந்து முடியக்கூடிய ஒன்றைத் தேட வேண்டும்.

இதற்கு நல்ல பாடம் சினிமாவின் நூற்றாண்டுக்காக 1995 இல் வந்த ‘லூமியேர் அன்ட் கம்பனி’. சினிமாவின் முன்னோடிகளான லூமியேர் சகோதரர்களின் பழைய கைச்சுழற்சிக் கமராவைப் பல நாட்டு இயக்குநர்கள் நாற்பது பேரளவில் கையில் எடுத்தார்கள். விதிகள் மூன்று: படம் 52 செக்கனைத் தாண்டக்கூடாது, காட்சியோடு சேர்த்து ஒலி பதியக்கூடாது, மூன்று தடவைக்கு மேல் எடுக்கக்கூடாது. 52 செக்கன் என்பது யாரும் யோசித்து வைத்த கணக்கல்ல. அந்தக் கமராவுக்குள் போகும் சுமார் 17 மீற்றர் பிலிம் அவ்வளவுதான் ஓடும். ஈரானிய இயக்குநர் கியாரொஸ்தமி என்ன செய்தார்? ஒரு சட்டி, பொரியும் முட்டை, தொலைபேசிப் பதிவுக் கருவியில் ஒரு பெண்ணின் குரல். முட்டை பொரிய எடுக்கும் நேரமே படத்தின் நேரம். அமெரிக்க இயக்குநர் டேவிட் லிஞ்ச் எதிர்த்திசையில் போய்ப் பல காட்சிகளை வைத்தார். ஆனால் அதற்காக அரங்குகளைப் பக்கத்துப் பக்கத்தில் கட்டி, கமராவை நகர்த்தி, ஒரே ஓட்டத்தில் எடுத்தார். அந்த அளவு ஆயத்தம் இல்லாதவர்களுக்குக் கியாரொஸ்தமியின் வழிதான் நல்லது.

நீளமே பொருளாக வந்த தொகுப்புகளும் உண்டு. 2002 இல் பதினொரு இயக்குநர்கள் செய்த செப்டெம்பர் 11 தொகுப்பில் ஒவ்வொரு படமும் 11 நிமிடம், 9 செக்கன், ஒரு பிரேம் (ஒரு தனிப் படச்சட்டம்). 11-09-01 என்ற அந்தத் தேதிதான் நீளம். யப்பானில் 2011 மார்ச் 11 பூகம்பத்துக்கும் கடல்கோளுக்கும் பிறகு இயக்குநர் நவோமி கவாசே ஒருங்கிணைத்ததில் ஒவ்வொன்றும் 3 நிமிடம் 11 செக்கன்.

இப்போது உங்கள் கதை. அதில் ஒரு நிமிடப் படம் ஏற்கெனவே இருக்கிறது: அந்த ஒடியல் பை. இறங்குதுறையில் பை கைமாறிக் கைமாறிப் படகுக்குள் போகிறது. கயிற்றை அவிழ்க்கிற நேரம் அதே கைகள் வழியாகத் திரும்பி வருகிறது. அப்பம்மா வாங்குகிறா. வசனம் ஒன்றும் வேண்டாம். வீட்டையும் கனடாவையும் துணிந்து எறிந்துவிடுங்கள். செனகலில் இருந்து பார்ப்பவருக்கு ஒடியல் தெரியாது, பை திரும்பி வந்தது தெரியும். யாழ்ப்பாணத்தை விளங்கப்படுத்தப் போகாதீர்கள். படத்துக்கு முன்னால் நாட்டின் பெயர் போடுவார்களாயின் அதுவே போதும்.

கமரா நிலைகாலில் அசையாமல் நிற்கட்டும். கைகள் தெரியும் தூரத்தில் வையுங்கள். கடலையும் முழுப்படகையும் காட்ட ஆசைப்பட்டால் பை புள்ளியாகிவிடும். தொகுப்பில் உங்கள் படத்துக்கு முன்னால் வேறொரு படம் ஓடியிருக்கும், சபை இன்னும் அதற்குள்ளேயே இருக்கும். ஆகவே முதல் மூன்று செக்கனில் முக்கியமான எதையும் வைக்காமல், படகு எஞ்சின் சத்தமும் துறையும் மட்டும் வரட்டும். பை திரும்பத் தொடங்குவது 35 ஆவது செக்கனுக்குப் பிந்தினால் அப்பம்மாவின் முகத்துக்கு இடம் கிடையாது. ஸ்டொப் வாட்ச் வைத்து ஒத்திகை பாருங்கள்.

கணக்கில் பலர் வழுக்குவது பிரேம் வேகத்தில், அதாவது ஒரு செக்கனில் எத்தனை பிரேம் ஓடுகிறது என்பதில். பெரும்பாலான திரையரங்குப் பிரதி 24 பிரேமில் ஓடும். நீங்கள் 25 இல் எடுத்தால் ஒரு நிமிடம் 1500 பிரேம். அதை அப்படியே 24 இல் ஓட்டினால் 62.5 செக்கன். விதி மீறிவிடும், ஒலியைச் சரிசெய்யாவிட்டால் குரலும் தடிக்கும். தொடக்கத்திலேயே 24 இல் எடுங்கள், 1440 பிரேமுக்குள் முடியுங்கள். தலைப்பும் பெயர்ப்பட்டியலும் அந்த நிமிடத்துக்குள்ளா வெளியேயா என்று முன்கூட்டியே எழுதிக் கேளுங்கள். உள்ளே என்றால் கதைக்கு 55 செக்கன்தான்.

போனில் எடுப்பதாக இருந்தால் அதன் சொந்தச் செயலி பிரேம் வேகத்தைத் தன்பாட்டில் ஏற்றி இறக்கும். எடிட்டிங்கில் ஒலியும் படமும் விலகுவதற்கு அதுதான் காரணம். இலவசமாகக் கிடைக்கும் பிளக்மேஜிக் கமரா செயலியில் பிரேம் வேகத்தை 24 இலும் ஷட்டரை (ஒவ்வொரு பிரேமிலும் ஒளி விழும் நேரத்தை) 1/50 செக்கனிலும் பூட்டிவிடலாம். ஆனால் நம் வெயிலில் 1/50 வைத்தால் படம் வெளுத்துப்போகும், போனில் ஒளி புகும் துளையைச் சுருக்கவும் முடியாது. ஒளியை 64 இல் ஒரு பங்காகக் குறைக்கும் ND64 வடிகட்டி ஒன்றை முன்னால் மாட்டுங்கள். அது இல்லாமல் போனின் விருப்பத்துக்கு விட்டால் ஷட்டர் ஆயிரத்தில் ஒன்றுக்கும் கீழே ஓடிவிடும். அப்போது கைகளின் அசைவு வெட்டுவெட்டாகத் தெரியும். உங்கள் படமே கைகள்தான்.

ஒலிக்குத் தனியாக ஒருவர் நிற்கட்டும். கடற்கரையில் மைக்குக்கு வெறும் பஞ்சுறை போதாது, மயிருறை வேண்டும். காட்சி முடிந்ததும் ஒருவரும் பேசாமல் ஒரு நிமிடம் துறையின் சத்தத்தை மட்டும் பதியுங்கள். வெட்டிய இடங்களை ஒட்ட அது உதவும். எங்கேயாவது சினிமாப் பாட்டு கேட்டால் அந்தப் பதிவை எறியுங்கள். பஸ்ஸிலும் தேநீர்க்கடையிலும் ஓடும் பாட்டு நமக்குக் காதில் விழாமலே பழகிவிட்டது. ஆனால் தொகுப்பாளர்கள் உரிமைக் கடிதம் கேட்பார்கள். நல்ல படம் அந்த ஒரு காரணத்தாலேயே நின்றுபோகலாம்.

எவராவது கட்டாயம் ஏதாவது பேசத்தான் வேண்டும் என்றால் ஒரே ஒரு வரி. துணைத்தலைப்புக்குச் செக்கனுக்கு 17 எழுத்து, வரிக்கு 42 எழுத்து என்பது பரவலான அளவு. அதற்குள் அடங்கினாலும் அதை வாசிக்கும் கண் பையைப் பார்க்காது.

சோளகம் (தென்மேற்குக் காற்று) அடிக்கும் மாதங்களில் போகாதீர்கள். படகு ஆடும், ஏற்றுபவர்கள் அவசரப்படுவார்கள், மைக்கில் காற்றைத் தவிர ஒன்றும் கேட்காது. காற்று விழுந்த காலத்தில் விடியக் காலைப் படகுக்குப் போங்கள். படகுக்காரரிடம் முதல் நாளே பேசி, கயிறு அவிழ்க்கிற நேரத்தைக் கேட்டு வையுங்கள். அந்த நேரத்தை அவர் உங்களுக்காகத் தள்ளிப்போட மாட்டார்.