சங்கல்பத்தில் நாம் சொல்வது என்ன?

கேள்வி: புதுவீட்டில் கணபதி ஹோமம் செய்தோம். புரோகிதர் சொல்லச் சொல்ல நானும் சங்கல்பத்தைத் திருப்பிச் சொன்னேன். 'மமோபாத்த' என்று தொடங்கி 'கரிஷ்யே' என்று முடிந்தது மட்டும் நினைவிருக்கிறது. பொருள் தெரியாமல் சொன்னது செல்லுமா? அமெரிக்காவில் இருக்கும் என் தம்பியும் 'பாரதவர்ஷே' என்றுதான் சொல்ல வேண்டுமா?

பதில்: உங்கள் நினைவில் தங்கிய இரண்டு சொற்களும் முக்கியமானவை. கடைசிச் சொல்லிலிருந்து தொடங்குவோம்.

'கரிஷ்யே' என்றால் 'செய்யப்போகிறேன்'. எப்போது, எங்கே, யாருக்காக, எதற்காக, எதை என்று விரிந்துகொண்டே போய் அந்த வினைமுற்றில் வந்து நிற்கும் நீண்ட வாக்கியம்தான் சங்கல்பம். அதன் எழுவாய் நீங்கள், புரோகிதர் அல்ல. இலக்கணமே இதைக் காட்டிக்கொடுக்கிறது. 'க்ரு' என்ற வினை சமஸ்கிருதத்தில் இரண்டு விதமாக முடியும். செயலின் பயன் செய்பவருக்கே சேர்ந்தால் 'கரிஷ்யே'. பிறருக்குச் சேர்ந்தால் 'கரிஷ்யாமி'. பாணினி அஷ்டாத்யாயியில் (1.3.72) வகுத்த விதி இது. மற்ற இடங்களில் இந்த வேறுபாடு நெகிழ்ந்திருக்கலாம். சடங்கில் அதற்கு உயிர் இருக்கிறது. யஜமானர், அதாவது சடங்கைச் செய்விப்பவர், தனக்காகச் செய்யும்போது 'கரிஷ்யே' என்கிறார். அந்தச் சொல்லை மட்டுமாவது வாய்விட்டுச் சொல்லாமல் கைகட்டி உட்கார்ந்திருப்பவர்களைக் கண்டால் எனக்கு வருத்தமாக இருக்கும்.

இனி தொடக்கம். 'மம உபாத்த ஸமஸ்த துரித க்ஷய த்வாரா ஸ்ரீபரமேஸ்வர ப்ரீத்யர்த்தம்' என்று பிரித்துப் படியுங்கள். மம: என்னால். உபாத்த: ஈட்டப்பட்ட. துரிதம்: தீவினை. 'நான் தேடிக்கொண்ட தீவினைகள் அனைத்தும் அழிவதன் வழியே, பரமேஸ்வரன் மகிழும்பொருட்டு' என்பது பொருள். தீவினை எங்கிருந்தோ வந்து ஒட்டிக்கொண்டதாக இங்கே சொல்லப்படவில்லை. நானே ஈட்டியது என்ற ஒப்புதலோடு சடங்கு தொடங்குகிறது. வைணவ இல்லங்களில் 'ஸ்ரீபகவதாஜ்ஞயா ஸ்ரீமந்நாராயண ப்ரீத்யர்த்தம்' என்பார்கள்: பகவானின் ஆணைப்படி, அவன் உவப்புக்காக.

ஹோமத்தில் இன்னொன்றையும் கவனித்திருப்பீர்கள். நெருப்பில் இடும் ஒவ்வோர் ஆகுதிக்கும் பிறகு 'இதம் ந மம' என்று வரும். 'இது என்னுடையது அன்று' என்று பொருள். 'மம' என்று தொடங்கியவர் நெருப்பின் முன்னால் 'ந மம' என்று திரும்பத் திரும்பச் சொல்கிறார்.

நடுவில் வருவது கால முகவரி. பிரம்மாவின் ஆயுளில் இரண்டாம் பாதி, 'த்விதீய பரார்த்தே'. அதில் சுவேதவராக கல்பம். ஒரு கல்பம் பிரம்மாவின் ஒரு பகல், அதாவது 432 கோடி ஆண்டுகள். அதில் அடங்கும் 14 மன்வந்தரங்களில் (ஒவ்வொன்றும் ஒரு மனுவின் காலம்) ஏழாவதான வைவஸ்வதம், அதன் 28ஆம் சதுர்யுகத்தில் (நான்கு யுகங்களின் தொகுதி) 4,32,000 ஆண்டுகள் கொண்ட கலியுகம், அதன் முதற்கால் பகுதி. பிறகு 60 ஆண்டுச் சுற்றில் இந்த ஆண்டின் பெயர், அயனம், ருது, மாதம், பட்சம், திதி, கிழமை, நட்சத்திரம். அண்டத்தின் காலத்தில் தொடங்கி, நீங்கள் மணையில் அமர்ந்திருக்கும் அந்தப் பொழுது வரை படிப்படியாக இறங்கி வருகிறது.

வேண்டுதல் பகுதியில் 'அஸ்மாகம் ஸஹகுடும்பானாம்' என்பது 'குடும்பத்தோடு கூடிய எங்களுக்கு'. அடுத்து வரும் 'க்ஷேம'த்தைப் பொதுவாக 'நலம்' என்று சொல்லிவிடுகிறோம். கிடைத்ததைக் காத்துக்கொள்வது க்ஷேமம். கிடைக்காததை அடைவது யோகம். கீதையின் 'யோகக்ஷேமம்' (9.22) இந்த இரண்டும் சேர்ந்தது. ஸ்தைர்யம் உறுதி, அபிவ்ருத்தி பெருக்கம்.

சங்கல்பம் என்ற சொல்லிலேயே ஒரு முரண் தென்படும். சாந்தோக்கிய உபநிடதத்தின் ஏழாம் அத்தியாயத்தில் சனத்குமாரர் நாரதருக்கு, சங்கல்பம் மனத்தைவிடப் பெரியது என்கிறார். கீதையோ, சங்கல்பத்தைத் துறக்காத எவனும் யோகி ஆவதில்லை (6.2) என்கிறது. கீதை துறக்கச் சொல்வது 'இது எனக்குக் கிடைக்க வேண்டும்' என்ற ஆசையின் எண்ணத்தை. சடங்கில் செய்வது மனத்தை ஒரு செயலில் நிறுத்தும் தீர்மானம். சொல் ஒன்று, இடம் வேறு.

பொருள் தெரியாமல் சொன்னது செல்லுமா? செல்லும் என்பதே என் கருத்து. நல்லெண்ணத்தோடு உட்கார்ந்தீர்கள், வழிகாட்டியவரை நம்பித் திருப்பிச் சொன்னீர்கள். மனம் குழம்ப வேண்டாம். அடுத்த முறை சடங்குக்கு முந்தைய நாளே புரோகிதரிடம் மூன்று செய்திகளைக் கேட்டு வைத்துக்கொள்ளுங்கள்: செய்யப்போகும் கர்மத்தின் பெயர், அதன் நோக்கம், யார் யார் பெயர் சொல்லப்படும் என்பது. பெரும்பாலும் மகிழ்ச்சியோடு விளக்குவார்கள். நோக்கத்தைத் தமிழில் ஒருமுறை மனத்துக்குள் சொல்லிக்கொண்டு, பிறகு சமஸ்கிருதத்தில் சொல்லுங்கள்.

தம்பி 'பாரதவர்ஷே' (பாரத நாட்டில்) என்று சொல்ல வேண்டியதில்லை. செய்பவர் இருக்கும் இடத்தைச் சொல்வதே அந்தப் பகுதியின் வேலை. அமெரிக்காவில் 'க்ரௌஞ்ச த்வீபே, ரமணக வர்ஷே' என்று சொல்லும் வழக்கம் புரோகிதர்களிடையே இருக்கிறது. திதியையும் நட்சத்திரத்தையும் அவர் ஊர்ப் பஞ்சாங்கத்தின்படியே பார்க்கச் சொல்லுங்கள்; இங்கே குறித்து அனுப்பினால் அங்கே நாள் மாறிப்போகக்கூடும்.