தாசில்தார் பட்டாவை மாற்றிவிட்டார், மதுரைக் கிளையில் ரிட் போட்டால் நிலம் கிடைக்குமா?

மேலூர் பக்கம் அப்பா கிரயம் வாங்கிய நிலம். பெரியப்பா மகன் பேருக்குத் தாசில்தார் பட்டா மாற்றிவிட்டார், ரிட் மனுவோடு (அரசு அதிகாரியின் உத்தரவை எதிர்த்துப் போடும் மனு) நேரே ஹைகோர்ட் போகலாமா என்று கேட்டிருக்கிறீர்கள்.

போகலாம். ஆனால் நிலம் யாருடையது என்பதை அங்கே தீர்ப்பதில்லை. ரிட்டில் நீதிபதி பார்ப்பது அதிகாரி நடந்துகொண்ட முறையை: உங்களுக்கு நோட்டீஸ் வந்ததா, விசாரித்தார்களா, உத்தரவில் காரணம் எழுதினார்களா. இதில் கோளாறு இருந்தால் உத்தரவை ரத்து செய்து, 'மறுபடி விசாரி' என்று அதே தாலுகா ஆபீசுக்குத் திருப்பி அனுப்புவதுதான் வழக்கம். மதுரைக் கிளை இருக்கும் ஒத்தக்கடைக்கு அலைந்த பலருக்கு இது தெரிவதே இல்லை.

1983-ஆம் ஆண்டு பட்டா பாஸ்புக் சட்டப்படி முதலில் ஆர்.டி.ஓ.விடம் (வருவாய்க் கோட்டாட்சியர்) மேல்முறையீடு, பிறகு டி.ஆர்.ஓ.விடம் (மாவட்ட வருவாய் அலுவலர்) சீராய்வு. இதைத் தாண்டிக் குதித்தால், 'அங்கே போய்விட்டு வாருங்கள்' என்றே ஹைகோர்ட்டில் பெரும்பாலும் சொல்வார்கள். நோட்டீசே தராமல் மாற்றியிருந்தால் விதிவிலக்கு உண்டு.

இன்னொன்று: உரிமையிலேயே தகராறு என்றால், தாசில்தார் முடிவெடுக்கக் கூடாது, சிவில் கோர்ட்டுக்கு அனுப்ப வேண்டும் என்று அந்தச் சட்டத்தின் 1987-ஆம் ஆண்டு விதிகளே சொல்கின்றன. உங்கள் எதிர்ப்பு மனு ஃபைலில் இருந்தும் மாற்றியிருந்தால், அதுதான் உங்கள் பலமான பிடி. மனு கொடுத்ததற்கான ஒப்புதல் சீட்டைத் தேடி எடுங்கள்.

பட்டா வருவாய்க் கணக்குத்தான், உரிமைப் பத்திரம் ஆகாது. உச்ச நீதிமன்றம் பலமுறை சொன்னது. கிரயப் பத்திரம், மூலப் பத்திரம் (முந்தைய உரிமையாளரின் பத்திரம்), வில்லங்கச் சான்று மூன்றையும் வைத்து சிவில் கோர்ட்டில் விளம்புகை வழக்கு (நிலம் உங்களுடையது என்று கோர்ட் அறிவிக்கக் கேட்கும் வழக்கு) போடுங்கள். நிலம் உங்கள் அனுபவத்தில் இருந்தால் உறுத்துக்கட்டளையும் (எதிர்த்தரப்பு தலையிடாமல் தடுக்கும் தடை உத்தரவு) சேர்த்துக் கேளுங்கள்.