வில்லியம் மில்லர் போன்ற ஸ்காட்லாந்துப் பாதிரியார்கள் சென்னையில் கல்லூரி நடத்தியது மதம் மாற்றத்தானே?

கேட்டவர் கல்லூரி மாணவராகத்தான் இருக்க வேண்டும். வாட்ஸ்அப்பில் யாரோ தள்ளிவிட்டதைப் படித்துவிட்டு வந்திருப்பீர்கள். பரவாயில்லை. இதே கேள்வியை 1981இல் எங்கள் பெரியப்பா திண்ணையில் உட்கார்ந்து கேட்டார். என்னை ஒரு மிஷன் கல்லூரியில் பி.ஏ. ஆங்கிலம் சேர்க்க அப்பா விண்ணப்பம் வாங்கி வந்திருந்தார். "அனுப்புடா, மேரியாத் திரும்பி வருவா" என்றார் பெரியப்பா. நான் மேரியாகத் திரும்பவில்லை. திண்டிவனம் பக்கத்துச் சைவக் குடும்பம், இன்றைக்கும் பிரதோஷம் தவறுவதில்லை. இதை முதலிலேயே சொல்லக் காரணம், மில்லரைப் பற்றி இரண்டு வரி நல்லதாக எழுதினால் "நீங்க எந்த சபை?" என்று கேட்க ஆள் வந்துவிடுகிறது.

கல்லூரிகளைத் தொடங்கியது மதம் மாற்றவா என்றால், ஆமாம். அவர்களே அதை மறைத்ததில்லை. 1830இல் கல்கத்தாவில் அலெக்சாண்டர் டஃப் ஆங்கிலப் பள்ளி ஆரம்பித்தபோதே கணக்கு இதுதான்: உயர்சாதிப் பையன்கள் படித்துத் தெளிந்து கிறிஸ்தவத்துக்கு வருவார்கள், அவர்களைப் பார்த்து மற்றவர்கள் வருவார்கள். அதே கணக்கோடு 1837இல் ஜான் ஆண்டர்சன் சென்னையில் பள்ளி திறந்தார். 1841இல் மாணவர்கள் சிலர் ஞானஸ்நானம் பெற்றதும் ஊர் கொதித்தது, பெற்றோர் பிள்ளைகளைச் சாரை சாரையாக நிறுத்திவிட்டார்கள். பெரியப்பாவின் பயம் ஆகாயத்திலிருந்து விழுந்ததல்ல.

ஆனால் நீங்கள் பெயர் சொல்லிக் கேட்டிருப்பது மில்லரை. அவர் விஷயம் வேறு.

ஸ்காட்லாந்தின் வடகோடியில் தர்சோ என்ற கடலோர ஊரில் 1838இல் பிறந்தவர். அபர்டீனிலும் எடின்பரோவிலும் படிப்பு. அரசின் தலையீடு பிடிக்காமல் 1843இல் ஸ்காட்லாந்துச் சபையிலிருந்து பிரிந்து வந்த சுதந்திரச் சபையில் போதகரானார். 1862 கடைசியில் சென்னை வந்து இறங்கியபோது ஆண்டர்சன் வைத்த பள்ளி நொடித்துக் கிடந்தது. அதைக் கல்லூரியாக வளர்த்து, 1877இல் சென்னை கிறிஸ்தவக் கல்லூரி என்ற பெயரில் நிறுத்தினார். தன் சபைக் காசு போதாது என்று வேறு மிஷன்களையும் செலவில் சேர்த்துக்கொண்டார், கைக்காசையும் போட்டார். 1907 வரை அவர்தான் முதல்வர். நடுவில் ஹண்டர் கல்விக் கமிஷன் உறுப்பினர், சட்டசபை உறுப்பினர், 1900களின் தொடக்கத்தில் சென்னைப் பல்கலைக்கழகத் துணைவேந்தர். இதெல்லாம் எந்தக் கலைக்களஞ்சியத்திலும் கிடைக்கும்.

கிடைக்காததை நான் தெரிந்துகொண்டது எங்கள் ஸ்டாஃப் ரூமில். உதவிபெறும் கல்லூரி ஒன்றில் ஆங்கிலம் நடத்திக்கொண்டிருந்தேன். ஒரு மத்தியானம் டிபன் பாக்ஸைத் திறந்து வைத்துக்கொண்டு பொருளாதாரத் துறை நண்பர் ஒருவர் உங்கள் கேள்வியையே எடுத்தார். நான் பதில் சொல்வதற்குள் எதிரே இருந்த வரலாற்றுத் துறை சார் சிரித்துவிட்டார். அவர் திருநெல்வேலிக் கிறிஸ்தவர், நாலு தலைமுறை உபதேசியார் குடும்பம். "மில்லர் துரையைச் சொல்றீங்களா? அவரு எத்தனை பேருக்கு ஞானஸ்நானம் குடுத்தாருன்னு கேளுங்க. எங்க தாத்தா காலத்துலயே சபையில அவரைத் திட்டுவாங்க. காசெல்லாம் காலேஜுக்குப் போச்சு, ஆத்துமா ஒண்ணும் வரலன்னு."

இந்தப் பக்கத்துக்காரர் மதம் மாற்றினார் என்று திட்டுகிறார், அந்தப் பக்கத்துக்காரர் மாற்றவில்லை என்று திட்டுகிறார். பொருளாதாரக்காரர் ரசம் சாதத்தைக் கலந்துகொண்டே "அப்படியா?" என்று கேட்டதோடு சரி, மறுநாள் அதே பேச்சை முதலிலிருந்து ஆரம்பித்தார். எனக்குத்தான் அது மனசில் தைத்து, தேடிப் படிக்க ஆரம்பித்தேன்.

மில்லரின் வாதம் இதுதான். வகுப்பறையின் வேலை ஆள் பிடிப்பதல்ல. கிறிஸ்தவச் சிந்தனை இந்து சமூகத்துக்குள் மெல்லப் பரவட்டும், அறுவடை எப்போது என்பது கடவுள் பாடு. அதற்கும் ஒரு படி மேலே போனார். சரித்திரம் முழுவதும் கடவுளின் ஒரே திட்டம், அதில் கிரேக்கருக்கும் ரோமருக்கும் யூதருக்கும் தனித்தனிப் பங்கு இருந்ததைப் போல இந்துக்களுக்கும் ஒரு பங்கு உண்டு என்றார். கடவுள் எங்கும் ஊடுருவி நிற்கிறார் என்ற உணர்வு இந்தியா உலகத்துக்குத் தர வேண்டியது என்று ஒரு பாதிரியார் அந்தக் காலத்தில் சொன்னால் அவருடைய சபைக்காரர்கள் சும்மா இருப்பார்களா? ஞானஸ்நானக் கணக்கு எங்கே என்று கேட்டார்கள். மில்லர் அசையவில்லை. அவரையே 1896இல் அதே சுதந்திரச் சபை தன் பொதுப் பேரவைக்குத் தலைவராக உட்கார வைத்தது தனி வேடிக்கை.

அதற்காக அவரை மதச்சார்பற்ற மகான் ஆக்கிவிடாதீர்கள். அவர் கல்லூரியில் பைபிள் வகுப்பு எல்லோருக்கும் உண்டு. 1888இல் ஒரு பிராமண மாணவர் ஞானஸ்நானம் பெற விரும்பிய விவகாரத்தில் மாணவர்கள் வேலைநிறுத்தமே செய்தார்கள். ஆனாலும் 1901இல், அவர் உயிரோடு இருக்கும்போதே, பழைய மாணவர்கள் பணம் திரட்டி அவருக்குச் சிலை வைத்தார்கள். அந்தப் பழைய மாணவர்களில் பெரும்பாலோர் இந்துக்கள். மதம் மாற்ற வந்த கும்பலின் தலைவருக்கு இந்துக்கள் எதற்குச் சிலை வைக்கிறார்கள் என்று அந்த வாட்ஸ்அப் பதிவுக்காரரைக் கேளுங்கள்.

அவர் காலத்தில் அங்கே நுழைந்தவர்களில் ராதாகிருஷ்ணனும் ஒருவர். கிறிஸ்தவ விமர்சகர்கள் சீண்டியதால்தான் இந்து மதத்தில் எது உயிரோடு இருக்கிறது, எது செத்துவிட்டது என்று ஆராயப் புகுந்தேன் என்று அவரே எழுதியிருக்கிறார். எம்.ஏ.வுக்கு வேதாந்தத்தின் அறநெறி பற்றி ஆய்வேடு எழுதினார், அதைப் பாராட்டியவர் அங்கே தத்துவம் நடத்திய ஏ.ஜி. ஹாக் என்ற இன்னொரு ஸ்காட்லாந்து இறையியலாளர். வெள்ளாளன்விளை என்ற ஊரைச் சேர்ந்த அசரியாவும் இதே கல்லூரியில் படித்தவர்தான். 1912இல் ஆங்கிலிக்கன் சபையின் முதல் இந்தியப் பிஷப்பாகி, தெலுங்குப் பகுதியான தோர்ணக்கலில் தலித் மக்களை ஆயிரக்கணக்கில் சபைக்குக் கொண்டுவந்தார்.

மில்லர் மேல் எனக்கு இருக்கும் உண்மையான குறை இங்கேதான். அவர் பாடம் நடத்தியது பெரும்பாலும் பிராமணர்களுக்கும் மற்ற உயர்சாதிக்காரர்களுக்கும். மேலே ஊற்றினால் கீழே இறங்கும் என்று நம்பினார். கீழே இருந்தவர்கள் அவருக்காகக் காத்திருக்கவில்லை, தாங்களாகவே கிராமம் கிராமமாகச் சபை தேடிப் போனார்கள். வரலாற்றுத் துறை சாரின் கோபம் பாதி இதுதான் என்று பிற்பாடு புரிந்தது. மதமாற்றம் பற்றிக் கத்துகிறவர்கள் யாரும் இந்தக் குறையைத் தொடுவதில்லை, தொட்டால் வேறு பேச்சு பேச வேண்டி வரும்.

இன்னொன்று, கேள்விக்குச் சம்பந்தமில்லை, ஆனாலும் சொல்லாமல் விட முடியவில்லை. மில்லர் ஷேக்ஸ்பியர் பற்றியும் புத்தகங்கள் போட்டிருக்கிறார். "கிங் லியரும் இந்திய அரசியலும்", "மேக்பெத்தும் ஆன்மாக்களின் அழிவும்", இப்படித் தலைப்புகள். பிரசங்க வாசனை தூக்கலாக இருக்கும், இருக்கட்டும். லியர் புத்தகம் எங்கள் கல்லூரி நூலகத்தில் கிடந்தது. அட்டை பிய்ந்து, தேதிச் சீட்டில் கடைசி முத்திரை நான் பிறப்பதற்கு முந்தையது. ஒரு வருஷம் பழைய புத்தகங்களைக் கழித்துக்கட்டியபோது அதுவும் குவியலில் வந்தது. நான் எம்.ஏ.வுக்கு லியர் நடத்துகிறவள், எனக்குக் கொடுங்கள், விலை வேண்டுமானாலும் கட்டுகிறேன் என்றேன். பதிவேட்டில் அடித்துவிட்டோம், இனி அது புத்தகமே இல்லை, தனி ஆளுக்குக் கொடுக்க விதி இல்லை என்றார்கள். எழுதிக் கொடுங்கள் என்றார்கள், கொடுத்தேன். கமிட்டி கூட வேண்டும் என்றார்கள். அந்தக் கமிட்டி கூடுவதற்குள் பழைய பேப்பர்காரர் மாட்டு வண்டியில் மூட்டை கட்டி எடைக்கு எடுத்துப் போய்விட்டார். அவருக்குக் கொடுக்க மட்டும் விதி இருந்தது! நூலகர் பாவம், அவரும் கையெழுத்துப் போடும் ஆள்தான், அவரைக் குறை சொல்லவில்லை.

"அப்போ மதமாற்றமே நடக்கலையா?" என்று கேட்கப் போகிறவர்கள் இரண்டாவது பத்தியை இன்னொரு தடவை படித்துவிட்டு வாருங்கள். "சாதியைப் பத்தி மட்டும் நாசூக்கா முடிச்சுட்டீங்களே" என்று கேட்பவர்களோடு பேசத் தயார், அது நியாயமான சண்டை.