14 யூனிட்டும் ஏழு கட்டிங்கும்

ஐயா, வணக்கம்.

என் கணவர் செவ்வாய்பேட்டையில் கொலுசுப் பட்டறை வைத்திருக்கிறார். ராத்திரி ஒரு கட்டிங் போடாமல் சாப்பிட உட்கார மாட்டார். லண்டனில் இருக்கும் என் தம்பி, அங்கே வாரத்துக்கு 14 யூனிட் வரை குடிக்கலாம் என்று அரசாங்கமே சொல்லியிருப்பதாகப் போனில் உளறிவிட்டான். அன்றிலிருந்து, "எனக்கு ஏழுதானே ஆகுது, இன்னும் ஏழு பாக்கி இருக்கு" என்கிறார். ஞாயிற்றுக்கிழமை பைக்கில் ஏற்காடு போகும்போதும் இதே கணக்குதான். இது சரியா?

ச., சேலம்

அன்புள்ள ச.,

தம்பி சொன்னதில் பாதி உண்மை. வாரம் 14 யூனிட்டைத் தாண்ட வேண்டாம், அதையும் மூன்று நாளுக்குக் குறையாமல் பிரித்துக்கொள்ளுங்கள் என்று 2016இல் பிரிட்டனில் சொன்னார்கள். ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே அளவு. ஆனால் அது உச்சவரம்பு. வாங்காவிட்டால் வீணாகிப்போக அது ரேஷன் சர்க்கரை இல்லை.

யூனிட்டும் கட்டிங்கும் ஒன்று என்று உங்கள் வீட்டுக்காரர் எடுத்துக்கொண்டதுதான் கோளாறு. கொலுசுக்காரருக்கு இதைப் புரியவைப்பது சுலபம். எடை போட்ட கொலுசு மொத்தமும் வெள்ளி என்று அவர் கணக்கெழுதுவாரா? டச், அதாவது அதில் சுத்த வெள்ளி எத்தனை சதவீதம் என்று பார்ப்பார். சரக்குக்கும் டச் உண்டு, பாட்டிலிலேயே 42.8 சதவீதம் என்று போட்டிருக்கும். கட்டிங் என்பது குவார்ட்டரில் பாதி, 90 மில்லி. அதில் சுத்த ஆல்கஹால் முப்பத்தெட்டரை மில்லி. பிரிட்டன் யூனிட் 10 மில்லிதான். ஆக, ஒரு கட்டிங்கே கிட்டத்தட்ட நாலு யூனிட். ஏழு நாளைக்கு 27. பாக்கி எங்கே இருக்கிறது? சோடா கலந்தால் டம்ளர் நிறையும், டச் இறங்கும், உள்ளே இருக்கும் வெள்ளி அப்படியேதான் இருக்கும்.

கனடாவில் 2023இல் வந்த வழிகாட்டுதலை அவரிடம் காட்டிவிடாதீர்கள், பாவம். குறைந்த ஆபத்து என்று அங்கே சொல்வது வாரத்துக்கு இரண்டு டிரிங்க். ஒன்றுக்கு பதின்மூன்றரை கிராம் ஆல்கஹால். உங்கள் வீட்டுக் கட்டிங்கில் 30 கிராம். திங்கட்கிழமை ராத்திரியே வாரம் முடிந்துவிடும். அதே ஆண்டு உலக சுகாதார நிறுவனம், ஆபத்தே இல்லாத அளவு என்று எதுவும் கிடையாது என்றது.

நம் ஊருக்கு இந்த நடு அளவுகள் பழக்கமில்லை என்று தோன்றும். 1937 அக்டோபர் 1ஆம் தேதி ராஜாஜி மதுவிலக்கை முதலில் கொண்டுவந்தது சேலம் மாவட்டத்தில்தான். 2003இல் அரசே சில்லறைக் கடை திறந்தது. ஒன்று சொட்டுகூடக் கூடாது, இல்லையென்றால் முழு பாட்டில். இடையில் மில்லிக் கணக்கு சொல்லித்தர யாரும் வரவில்லை.

ஒன்றை மட்டும் கவனியுங்கள். காலையில் கை நடுங்குகிறதா, வியர்க்கிறதா? அப்படியானால் ஒரே நாளில் நிறுத்தச் சொல்லாதீர்கள், வலிப்பு வரக்கூடும். அரசு மருத்துவமனை மனநலப் பிரிவில் காட்டுங்கள். போதை மீட்புக்கு 14446 என்ற இலவச எண்ணும் இருக்கிறது.

அப்புறம், ஏற்காடு. வண்டி ஓட்டுபவரின் 100 மில்லி ரத்தத்தில் 30 மில்லிகிராமுக்கு மேல் ஆல்கஹால் இருந்தால் குற்றம். ஈரல் ஒரு யூனிட்டைக் கரைக்கவே சுமார் ஒரு மணி நேரம் ஆகும். ஒரு கட்டிங்குக்கு நாலு மணி நேரம். மோர் குடித்தாலும் முகம் கழுவினாலும் அது வேகமாகக் கரையாது. மலைப்பாதையில் 20 கொண்டை ஊசி வளைவுகள். அவர் போட்டிருந்தால் பின்சீட்டில் ஏறாதீர்கள். சேலத்திலிருந்து பஸ் இருக்கிறது.