கிரீன்பெல்ட்: எது முன்வாசல்?

வாஷிங்டனுக்கு வடகிழக்கே, மேரிலாந்து மாநிலத்தில் சுமார் 25,000 பேர் வசிக்கும் சிறு நகரம் கிரீன்பெல்ட். பிள்ளைகள் அங்கே குடியேறியதாலோ, பார்க்கப் போவதாலோ அந்த ஊரைப் பற்றி வாசகர்கள் அனுப்பிய கேள்விகளை இந்த இதழில் ஒன்றாகச் சேர்த்திருக்கிறோம்.

"இது அமெரிக்க அரசாங்கமே கட்டிய ஊர்" என்கிறாள் என் மகள். எல்லாவற்றையும் தனியாரிடம் விடும் நாட்டில் அரசாங்கம் ஊர் கட்டுமா?
- வாசகர், கோவை

கட்டியது. ஒன்றல்ல, மூன்று. பெருமந்தக் காலம், வேலையில்லாதவர்கள் ஒரு கோடிக்கும் மேல். 1935-ல் அதிபர் ஃபிராங்க்ளின் ரூஸ்வெல்ட் மீள்குடியேற்ற நிர்வாகம் என்ற அமைப்பைத் தொடங்கி, பொருளியல் பேராசிரியர் ரெக்ஸ்ஃபர்டு டக்வெல்லிடம் ஒப்படைத்தார். வேலையற்றவர்களுக்குக் கூலி, குறைந்த வருமானக்காரர்களுக்கு மரமும் காற்றும் உள்ள வீடு என்று ஒரே கல்லில் இரண்டு மாங்காய் அடிக்கப் பார்த்தார் டக்வெல். மேரிலாந்தில் கிரீன்பெல்ட், ஒஹையோவில் கிரீன்ஹில்ஸ், விஸ்கான்சினில் கிரீன்டேல் எழுந்தன. நியூஜெர்சியில் வரவேண்டிய கிரீன்புரூக் வழக்கில் சிக்கிக் காகிதத்தோடு நின்றுவிட்டது.

கிரீன்பெல்ட்டில் 1935 அக்டோபரில் வேலை ஆரம்பம். இயந்திரத்தை இறக்கினால் சீக்கிரம் முடிந்துவிடும், ஆனால் கூலி யாருக்குப் போகும்? அதனால் ஆள்பலத்தையே நம்பினார்கள். இன்று ஊரார் நடைபயிலும் 23 ஏக்கர் ஏரிகூட அப்படித் தோண்டியதுதான். 1937 செப்டம்பர் 30 அன்று முதல் குடும்பங்கள் வந்தன. மொத்தம் 885 வீடுகள்: 574 வரிசை வீடுகள், 306 அடுக்குமாடி வீடுகள், 5 தனி வீடுகள். செலவு 1 கோடியே 30 லட்சம் டாலருக்கு மேல். வாங்குகிற வாடகையில் இந்தப் பணம் திரும்பவே திரும்பாது என்றார்கள் எதிர்ப்பாளர்கள். கணக்கு அவர்கள் பக்கம்தான் இருந்தது.

அப்படிப்பட்ட ஊரில் வீடு கிடைக்க என்ன தகுதி வைத்திருந்தார்கள்? எல்லோருக்கும் கிடைத்ததா?
- வாசகி, புதுச்சேரி

இல்லை. ஆண்டு வருமானம் 800 முதல் 2,200 டாலருக்குள் இருக்க வேண்டும். 5,000-க்கும் மேற்பட்ட விண்ணப்பங்களைச் சலித்து எடுத்தார்கள். புராட்டஸ்டன்ட், கத்தோலிக்கர், யூதர் விகிதம்கூட வட்டார மக்கள்தொகையை ஒட்டி இருக்கும்படி பார்த்துக்கொண்டார்கள். கணவன் வேலையில் இருந்தால் மனைவி வெளியே வேலைக்குப் போகக்கூடாது. மாலை 4 மணிக்குமேல் கொடியில் துணி கிடக்கக்கூடாது.

இதையெல்லாம் அந்தக் காலத்துக் கெடுபிடி என்று விட்டுவிடலாம். விட முடியாதது ஒன்று உண்டு. ஊரைக் கட்டியவர்களில் கறுப்பினத் தொழிலாளர்களும் இருந்தார்கள். குடியேற அனுமதி கிடைத்ததோ வெள்ளையருக்கு மட்டும். கூட்டுறவு, சமத்துவம் என்று ஊர் பேசிய பேச்செல்லாம் இந்த வேலிக்குள் நின்று பேசியதுதான். 1960-களில் கிட்டத்தட்ட 2,900 வீடுகளோடு ஸ்பிரிங்ஹில் லேக் அடுக்குமாடிக் குடியிருப்பு வந்து, 1968-ல் வீட்டு வசதியில் பாகுபாட்டைத் தடுக்கும் மத்தியச் சட்டமும் வந்த பிறகு நிலைமை மாறத் தொடங்கியது. இன்று ஊரில் ஏறக்குறைய பாதிப்பேர் கறுப்பினத்தவர். கறுப்பினத்தவருக்கும் பூர்வகுடியினருக்கும் இழப்பீடு தருவது பற்றி ஆராய ஒரு குழு அமைக்கலாமா என்று 2021 நவம்பரில் ஊரிலேயே வாக்கெடுப்பு நடத்தினார்கள். அமைக்கலாம் என்று முடிவானது.

அடுத்த மாதம் மகன் வீட்டுக்குப் போகிறோம். மெட்ரோவில் இறங்கி நடந்தே ஊரைச் சுற்றிப் பார்க்க முடியுமா?
- வாசகர், திருநெல்வேலி

ஊருக்குள் தாராளமாக நடக்கலாம். ஆனால் மெட்ரோவிலிருந்து நடக்கக் கிளம்பிவிடாதீர்கள். எல்லோரும் ஏமாறுகிற இடம் இதுதான். 1993-ல் திறந்த கிரீன்பெல்ட் நிலையம் பழைய ஊரிலிருந்து 2 மைல் போலத் தள்ளி, பெரிய நெடுஞ்சாலையை ஒட்டி இருக்கிறது. 1954-ல் வந்த பால்டிமோர்-வாஷிங்டன் பார்க்வேயும் 1964-ல் முடிந்த, வாஷிங்டனைச் சுற்றி ஓடும் வட்டச் சாலையும் சேர்ந்து ஊரைத் துண்டுபோட்டுவிட்டன. நிலையத்தில் பஸ் பிடியுங்கள், இல்லையென்றால் மகனைக் காரோடு வரச் சொல்லுங்கள். இறங்க வேண்டிய இடம் பழைய ஊரின் கடைவீதியான ரூஸ்வெல்ட் சென்டர்.

அங்கிருந்து ஊர் உங்கள் கால்களுக்காக வரைந்ததுபோல இருக்கும். பழைய ஊர் மேட்டு நிலத்தின் வளைவை ஒட்டிய பிறை வடிவம். கிரசண்ட் ரோடு, ரிட்ஜ் ரோடு என்ற இரண்டு வளைந்த தெருக்களுக்கு இடையே பெரிய பெரிய மனைத்தொகுதிகள். அவற்றின் நடுவே புல்வெளியும் நடைபாதையும். கிரசண்ட் ரோட்டுக்கு அடியில் பாதசாரிகளுக்கான சுரங்கவழிகள் உண்டு. குழந்தை வீட்டிலிருந்து கிளம்பினால் கார் ஓடும் தெருவைக் குறுக்கே கடக்காமலே பள்ளிக்கும் கடைக்கும் போய்வரலாம் என்பதுதான் 1930-களின் கணக்கு.

மகன் வீடு பழைய பகுதியில் என்றால் ஒன்றைத் தெரிந்துகொள்ளுங்கள். இந்த வீடுகளுக்கு இரண்டு வாசல், இரண்டுக்கும் தனித்தனிப் பெயர். கார் வந்து நிற்பது 'சர்வீஸ்' பக்கம். சமையலறை, குப்பைத்தொட்டி, துணிக்கொடி எல்லாம் அங்கேதான். எதிர்ப்புறம் 'கார்டன்' பக்கம். கூடம் அந்தப் பக்கம் பார்த்திருக்கும், அதற்கு வெளியே செடிவேலியும் நடைபாதையும். முதல்முறை வருகிறவர்கள் சமையலறைக் கதவைத் தட்டிவிட்டு, கொல்லைப்புறம் வந்துவிட்டோமோ என்று விழிப்பார்கள். விழிக்க வேண்டாம். ஊரார் அந்த வழியாகத்தான் வருகிறார்கள். முகவரியில் தெருப்பெயருக்கு முன் ஓர் எண்ணும் ஓர் எழுத்தும் இருக்கும்: எண் வீட்டு வரிசைக்கோ வளாகத்துக்கோ, எழுத்து வீட்டுக்கு. செல்போன் வரைபடம் சில சமயம் பெரிய தெருவிலேயே இறக்கிவிட்டுவிடும். உள்ளே எந்த வளாகம் என்று முன்கூட்டியே கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள்.

பார்க்க வேண்டியவை: 10-பி கிரசண்ட் ரோட்டில் அருங்காட்சியகமாக வைத்திருக்கும் 1937-ன் வீடு. அந்தச் சின்ன அறைகளுக்கென்றே அரசாங்கம் வடிவமைத்துத் தவணையில் விற்ற மேசை நாற்காலிகளை அங்கே பார்க்கலாம். எல்லா நாளும் திறந்திருக்காது, விசாரித்துவிட்டுப் போங்கள். பக்கத்திலேயே பழைய பள்ளிக் கட்டடம், இப்போது சமூகக் கூடம். அதன் சுவரில் லெனோர் தாமஸ் செதுக்கிய சுண்ணாம்புக்கல் புடைப்புச் சிற்பங்களுக்கு அரைமணி நேரமாவது ஒதுக்குங்கள். அமெரிக்க அரசியல் சாசனத்தின் முகப்புரையை வரி வரியாக எடுத்துக்கொண்டு உழைப்பாளிகளின் உருவங்களாக ஆக்கியிருக்கிறார். தலைவர் சிலை ஒன்றுகூட இல்லை என்பது எங்களுக்குப் பிடித்தது.

அங்கே வீடு வாங்கப்போவதாக மருமகன் சொல்கிறார். "பத்திரம் கிடையாது, பங்குதான்" என்கிறார். வயிற்றில் புளியைக் கரைக்கிறது. ஏமாற்று வேலையா?
- வாசகி, புரசைவாக்கம்

ஏமாற்று இல்லை, ஆனால் வேறு வகை. சென்னையில் ஃப்ளாட் வாங்கினால் நிலத்தில் பிரிக்கப்படாத பாகம் உங்கள் பெயரில் பதிவாகும். இங்கே அப்படி எதுவும் பதிவாகாது. நிலமும் கட்டடமும் கூட்டுறவுச் சங்கத்துக்குச் சொந்தம். உறுப்பினர் வாங்குவது அந்த வீட்டில் காலவரம்பின்றி வசிக்கும் உரிமை.

இது எப்படி வந்தது? இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு அரசாங்கம் ஊரைக் கைகழுவ நினைத்தது. 1949-ல் வந்த சட்டம், போரிலிருந்து திரும்பியவர்களுக்கும் குடியிருப்பவர்களுக்கும் முன்னுரிமை கொடுத்து விற்க வழிசெய்தது. குடியிருந்தவர்கள் சங்கம் சேர்த்து, 1952 இறுதியில் சுமார் 63 லட்சம் டாலருக்கு வீடுகளை மொத்தமாக வாங்கினார்கள். இன்று கிரீன்பெல்ட் ஹோம்ஸ் என்ற பெயரில் 1,600 வீடுகள் அதன் கையில்.

மருமகனிடம் கேட்கச் சொல்ல வேண்டியவை. முதலில், வீடு எந்த வகை? 1937-ன் செங்கல் வீடு, அதே ஆண்டின் சிமென்ட் பிளாக் வீடு, 1941-ல் போர்க்காலப் பணியாளருக்காக அவசர அவசரமாகக் கட்டிய மரச்சட்ட வீடு என்று மூன்று உண்டு. மரச்சட்ட வீடுகள் ஆயிரம். விலை குறைவாகத் தெரிந்தால் பெரும்பாலும் அதுவாகத்தான் இருக்கும். பக்கத்து வீட்டுச் சத்தம் எவ்வளவு கேட்கிறது என்று ஒரு மாலை நேரத்தில் போய் நின்று பார்க்கட்டும்.

அடுத்தது மாதக் கட்டணம். பார்த்தவுடன் அதிகமாகத்தான் தெரியும். சொத்துவரி, கட்டடக் காப்பீடு, வெளிப்புறப் பழுது, பின்னாளைய பெரிய வேலைகளுக்கான சேமிப்பு எல்லாம் அதற்குள் அடக்கம். தனி வீட்டின் வங்கித் தவணையோடு இதை நேராக ஒப்பிட்டால் கணக்கு தப்பும். அங்கே வரியையும் காப்பீட்டையும் சேர்த்துக்கொண்டு ஒப்பிட வேண்டும். வீட்டுக்குள் இருக்கும் பொருளுக்குக் காப்பீடு தனி. மின்கட்டணமும் தனி. சுவரடி மின்சார ஹீட்டர் உள்ள வீடு என்றால் போன ஜனவரி, பிப்ரவரி மின்பில்லைக் காட்டச் சொல்லிக் கேட்கட்டும். அந்த ஹீட்டரை ஒட்டி சோபா போடுவதும் திரைச்சீலை தொங்கவிடுவதும் ஆபத்து.

கடன்தான் பலர் தடுக்கி விழும் இடம். அடமானம் வைக்கப் பத்திரம் இல்லாததால் எல்லா வங்கியும் கொடுக்காது; கூட்டுறவுப் பங்குக்குக் கடன் கொடுக்கும் வங்கியைத் தேட வேண்டும். வீடு பார்ப்பதற்கு முன்பே இதை முடித்துவிடுவது நல்லது. சுவரை இடிக்க, கொட்டகை போட, வேலி வைக்கச் சங்கத்தின் அனுமதி வேண்டும். முன்னால் இருந்தவர் கேட்காமல் செய்த மாற்றம் இருக்கிறதா என்பதை வாங்கும் முன் எழுத்தில் கேட்டு வாங்கிக்கொள்வது அவசியம். வாங்கிப் போட்டு வாடகைக்கு விடும் எண்ணம் இருந்தால் இது அவருக்கான வீடே அல்ல. குடியிருப்பவர்களுக்கான சங்கம் இது.

அந்தப் பக்கம் கோயில் உண்டா?
- வாசகி, கும்பகோணம்

ஊருக்குள் இல்லை. பக்கத்து ஊரான லான்ஹாமில் சிவா விஷ்ணு கோயிலும் முருகன் கோயிலும் இருக்கின்றன. காரில் சில நிமிடம்தான். போகிற வழியில் கிரீன்பெல்ட் ரோட்டில் நாசாவின் காடர்ட் விண்வெளி மையத்தையும் வெளியே இருந்து பார்த்துக்கொள்ளலாம்.

சட்டம் படிக்கிறேன். அவதூறு வழக்குகள் பாடத்தில் 'கிரீன்பெல்ட் - பிரெஸ்லர்' என்று வருகிறது. அந்த ஊர்தானா இது?
- மாணவர், மதுரை

அதே ஊர்தான். 1937 நவம்பரில், குடியேறி இரண்டு மாதம்கூட ஆகாத நிலையில், ஊரார் 'கோஆப்பரேட்டர்' என்று ஒரு வாரப் பத்திரிகை ஆரம்பித்தார்கள். 1954-ல் அது 'நியூஸ் ரிவ்யூ' ஆனது.

1965-ல் கட்டுமானத் தொழிலதிபர் சார்லஸ் பிரெஸ்லரின் ஒரு நிலம் உயர்நிலைப் பள்ளிக்காக நகராட்சிக்குத் தேவைப்பட்டது. அவருக்கோ வேறொரு நிலத்தில் நெருக்கமாக வீடு கட்ட அனுமதி தேவைப்பட்டது. ஒன்றுக்கொன்று பேரம் நடந்தது. நகர்மன்றக் கூட்டத்தில் சிலர் எழுந்து இதை 'பிளாக்மெயில்' என்றார்கள். பத்திரிகை அப்படியே போட்டது, சில இடங்களில் மேற்கோள்குறி இல்லாமலும். பிரெஸ்லர் வழக்குப் போட்டார். ஜூரி இழப்பீடாக 5,000 டாலரும் தண்டத்தொகையாக 12,500 டாலரும் கொடுக்கச் சொன்னது. மேரிலாந்தின் உச்சபட்ச நீதிமன்றமும் அதை உறுதிசெய்தது. ஊரார் கைக்காசில் நடக்கிற பத்திரிகைக்கு அது கழுத்தில் சுருக்கு.

1970 மே மாதம் அமெரிக்க உச்ச நீதிமன்றம் தீர்ப்பைப் புரட்டியது. காரசாரமான பொதுவிவாதத்தில் அந்தச் சொல்லைக் கேட்ட யாரும், படித்த யாரும், பிரெஸ்லர் மிரட்டிப் பணம் பறித்த குற்றவாளி என்று பொருள் கொண்டிருக்க மாட்டார்கள். பேரத்தின் கடுமையைத்தான் அது குறித்தது என்று எழுதினார் நீதிபதி பாட்டர் ஸ்டூவர்ட். சொல்லைத் தனியே பிடுங்கி எடைபோடாமல், சொன்ன இடத்தோடு வைத்துப் பார்க்க வேண்டும் என்ற வாதத்துக்கு இன்றும் இந்த வழக்கைக் காட்டுகிறார்கள். தேர்வில் எழுதும்போது பத்திரிகை மேற்கோள்குறி போடாத விஷயத்தை விட்டுவிடாதீர்கள். பாதி மதிப்பெண் அங்கேதான் இருக்கிறது.