வாசகர் கேள்விகள்: தனுஷ்கோடிக்குக் கைடு வேண்டுமா?

லீவில் குடும்பத்தோடு ராமேஸ்வரம் போகிறோம். போன தடவை ஆட்டோக்காரர் தனுஷ்கோடியில் 'இது சர்ச், இது ஸ்டேஷன், போட்டோ எடுத்துக்குங்க' என்று சொல்லி அரை மணியில் திருப்பிக் கூட்டி வந்துவிட்டார். இந்த முறை கைடு வைத்துக்கொண்டால் ஏதாவது கூடுதலாகத் தெரியுமா, இல்லை காசு தண்டமா?
– வாசகி, ஈரோடு

கைடு யார் என்பதைப் பொறுத்தது. நான் ஒரு தடவை போனபோது வந்தவர் இரண்டு மணி நேரமும் 1964-ல் இந்த ஊரை அழித்த புயலைப் பற்றியே பேசினார். அலை எவ்வளவு உயரம், ரயில் எப்படிப் புரண்டது, எத்தனை பிணம், அவ்வளவுதான். புயலுக்கு முந்தின நாள் வரை இந்த ஊரில் என்னதான் நடந்துகொண்டிருந்தது என்று கேட்டேன். கொஞ்சம் யோசித்துவிட்டு, 'நல்லா இருந்துச்சு சார்' என்றார். சரி, அவரைச் சொல்லிக் குற்றமில்லை, வருகிறவர்களில் முக்கால்வாசிப் பேர் கேட்பதும் புயல் கதையைத்தான்.

நீங்கள் வேறு மாதிரி கேளுங்கள். இங்கே எதற்கு ஊர் வந்தது என்று ஆரம்பியுங்கள். 1914-ல் பாம்பன் ரயில் பாலம் திறந்ததும் சென்னை எழும்பூரிலிருந்து வந்த போட் மெயில் தனுஷ்கோடி வரைக்கும் ஓடியது. ரயிலை விட்டு இறங்கி கப்பல் ஏறினால் சில மணி நேரத்தில் தலைமன்னார், அங்கே மறுபடி ஒரு ரயில், அப்புறம் கொழும்பு. அதற்கு முன்பு இலங்கை போகிறவர்கள் தூத்துக்குடி வழியாகத்தான் கப்பல் ஏறிக்கொண்டிருந்தார்கள். இப்படி இரண்டு நாட்டு ரயிலுக்கும் நடுவே கப்பல் மாறும் இடமாக இருந்ததால்தான் அந்த மணல் திட்டில் ஸ்டேஷன், சுங்க அலுவலகம், போஸ்ட் ஆபீஸ், பள்ளிக்கூடம் எல்லாம் வந்தன. இன்னொன்றும் பலருக்குத் தெரியாது. அந்தக் காலத்தில் பாம்பனிலிருந்து மெயின் லைன் போனது தனுஷ்கோடிக்கு, ராமேஸ்வரத்துக்குத்தான் கிளைப் பாதை. இன்றைக்குப் போகிறவர்களுக்குத் தனுஷ்கோடி ஏதோ ராமேஸ்வரத்தின் வால் மாதிரித் தெரிகிறது, ரயில்வே கணக்கில் அன்றைக்கு அது தலைகீழ். அப்துல் கலாம் சின்னப் பையனாக இருந்தபோது, இரண்டாம் உலகப் போர் சமயத்தில், ரயில் ராமேஸ்வரத்தில் நிற்காமல் போக, ராமேஸ்வரம் ரோடு என்ற ஸ்டேஷனுக்கும் தனுஷ்கோடிக்கும் இடையே ஓடுகிற வண்டியிலிருந்து வீசிய பேப்பர் கட்டுகளைப் பொறுக்கி எடுக்க உதவினார் என்று படித்திருப்பீர்களே, அதுவும் இந்தப் பாதைதான்.

அந்த ரயிலில் வந்தவர்கள் எல்லாருமே டூரிஸ்ட் இல்லை. தீவுக்கு இந்தப் பக்கம் மண்டபத்தில் இலங்கைத் தோட்டங்களுக்குப் போகிற கூலித் தொழிலாளர்களை நிறுத்திவைத்து, நோய் இருக்கிறதா என்று பார்த்து அனுப்புகிற முகாம் இருந்தது. மண்டபம் கேம்ப் என்று ஊருக்கே பெயர் ஒட்டிக்கொண்டது அதனால்தான். இலங்கை மலையகத் தோட்டங்களுக்குப் போன நம் ஆட்கள் எத்தனையோ பேர் கடைசியாகக் கால் வைத்த இந்திய மண் தனுஷ்கோடி மணல். 1964 அக்டோபர் 30-ல் இரண்டு நாட்டுப் பிரதமர்களின் சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தம் கையெழுத்தாகி, அங்கே இருந்த இந்திய வம்சாவளியினரில் 5,25,000 பேரை இந்தியா திரும்ப ஏற்றுக்கொள்வது என்று முடிவானது. இரண்டு மாதம்கூட ஆகவில்லை, டிசம்பர் 22 இரவு புயல் வந்து அவர்கள் போன வழியையே அழித்துவிட்டது. அதனால் திரும்பி வந்தவர்கள் ராமேஸ்வரத்தில் வந்து இறங்கினார்கள். எந்தக் கைடாவது தானாக இதைச் சொன்னால் அவருக்குப் பேசியதற்கு மேல் கொஞ்சம் சேர்த்தே கொடுங்கள்.

புயலைக் கேட்கவே கூடாது என்று சொல்லவில்லை. பாம்பனிலிருந்து கிளம்பிய 653-ஆம் நம்பர் பாசஞ்சர் நள்ளிரவில் தனுஷ்கோடியை நெருங்கும்போது கடலுக்குள் போய்விட்டது. நூற்றுக்கும் மேற்பட்டோர் இருந்தார்கள். ஆளுக்கு ஒரு எண்ணிக்கை சொல்வார்கள், டிக்கெட் இல்லாமல் ஏறினவர்களை யார் எண்ணினார்கள்? புயலுக்குப் பிறகு அரசாங்கம் இந்த ஊர் குடியிருக்கத் தகுதியற்றது என்று அறிவித்துவிட்டது. ஆனால் மீனவர்கள் திரும்பி வந்தார்கள், இப்போதும் குடிசை போட்டு இருக்கிறார்கள். நீங்கள் போட்டோ எடுக்கும் இடிந்த சுவருக்குப் பின்னால் வலை காய்வது அவர்கள் வீட்டு வாசலில். 'ஆளில்லாத பேய் ஊர்' என்று மைக்கில் கத்துகிற கைடைப் பார்த்தால் நைசாக நகர்ந்துவிடுங்கள்.

சர்ச்சில் ஐந்து நிமிடம் நில்லுங்கள். சுவர் செங்கல் இல்லை, கடலிலிருந்து எடுத்த பவளப்பாறைக் கல். கிட்டப் போய்ப் பார்த்தால் புழு அரித்த மரக்கட்டை மாதிரி பொடிப்பொடி ஓட்டை, சில கல்லில் பூ மாதிரி வரிவரியாக இருக்கும். ஒரு காலத்தில் உயிரோடு இருந்த பிராணியின் கூடு அது. அதன் மேல் பூசியிருந்த சுண்ணாம்பு பல இடத்தில் உதிர்ந்துபோனதால்தான் கல் நன்றாகத் தெரிகிறது. தயவுசெய்து நினைவாக ஒன்றைப் பெயர்த்து எடுத்து வராதீர்கள், ஏற்கெனவே சுவர் பாதிதான் இருக்கிறது.

தனுஷ்கோடியைத் தாண்டி நிலம் முடிகிற அரிச்சல்முனை வரை வண்டி போகுமா? எத்தனை மணிக்குப் போனால் நல்லது?
– வாசகர், தேனி

போகும். முன்பெல்லாம் முகுந்தராயர் சத்திரத்தோடு ரோடு முடிந்துவிடும், அப்புறம் மணலிலும் தண்ணீரிலும் வேன் குலுங்கிக் குலுங்கிப் போகும், எலும்பு தனித்தனியாகக் கழன்றுவிடும். 2017-ல் அங்கிருந்து முனை வரை ஒன்பதரை கிலோமீட்டர் தார் ரோடு வந்துவிட்டது. வசதிதான், ஆனால் அதனாலேயே எல்லாரும் நேரே முனைக்குப் போய் செல்ஃபி எடுத்துவிட்டு, பழைய ஊர் இருக்கும் இடத்தைக் கண்ணாடி வழியாகப் பார்த்தபடி திரும்பிவிடுகிறார்கள். காலையில் வெயில் ஏறும் முன் போங்கள், நிழல் என்று ஒன்று அங்கே கிடையாது. இருட்டும்வரை இருக்கலாம் என்று நினைக்காதீர்கள், அதற்கு முன்பே போலீஸ் எல்லாரையும் கிளப்பிவிடும். எவ்வளவு நேரம் வண்டி காத்திருக்கும், எங்கெங்கே நிற்கும் என்பதை ஏறுவதற்கு முன்பே பேசிவிடுங்கள், ஈரோடு வாசகியின் அரை மணிப் பிரச்சினை அங்கேதான் ஆரம்பிக்கிறது.

முனையில் நின்றால் ஒரு பக்கம் பாக் நீரிணை, மறுபக்கம் மன்னார் வளைகுடா. அமைதியாக இருப்பதைப் பெண்கடல் என்றும் சீறுவதை ஆண்கடல் என்றும் சொல்வார்கள். வடகிழக்குப் பருவக்காற்று வந்துவிட்டால் அந்தப் பெண்கடல் போடும் ஆட்டத்தைப் பார்த்தால் யார் இப்படிப் பெயர் வைத்தது என்று சிரிப்பு வரும். குளிக்க இறங்காதீர்கள், நீரோட்டம் மோசம்.

பாம்பன் பாலத்தில் பழையதற்கும் புதியதற்கும் என்ன வித்தியாசம்? பையன் கேட்கிறான்.
– வாசகி, மதுரை

பழையதில் நடுப்பகுதி இரண்டாகப் பிரிந்து, இரட்டைக் கதவு மேல்நோக்கித் திறப்பது மாதிரி தூக்கியது, அதையும் ஆட்கள் நின்று கையால் சுற்றித்தான் திறந்தார்கள். 2025 ஏப்ரலில் திறந்த புதியதில் 72.5 மீட்டர் நீளத் துண்டு அப்படியே லிஃப்ட் மாதிரி நேராக மேலே போகும், மோட்டார் வேலை. பழையதில் ரயில் ஓடுவது 2022 டிசம்பரோடு நின்றது. 1964 புயலில் பாலத்தின் இரும்பு கர்டர்களில் பெரும்பகுதி அடித்துப் போய், தூக்குப் பகுதி மட்டும் தப்பியது. அதைச் சரிசெய்யும் பொறுப்பு ஸ்ரீதரன் என்ற இளம் இன்ஜினியருக்கு வந்தது, 46 நாளில் முடித்தார். பின்னாளில் டெல்லி மெட்ரோவைக் கட்டியவர் அவர்தான். பையனுக்கு இந்தக் கதை பிடிக்கும். பார்ப்பதற்கு ரோடு பாலம்தான் நல்ல இடம், ஆனால் நடுவில் காரை நிறுத்தாதீர்கள், ஓரமாக நடந்து போய்ப் பாருங்கள்.

கோயில், தனுஷ்கோடி தவிர வரலாறு பார்க்க வேறென்ன இருக்கிறது?
– வாசகர், விழுப்புரம்

குந்துகால் போங்கள். விவேகானந்தர் மேல்நாட்டுப் பயணம் முடித்து 1897 ஜனவரி 26-ல் இந்தப் பாம்பன் பகுதியில்தான் கரை இறங்கினார், ராமநாதபுரம் மன்னர் பாஸ்கர சேதுபதி வந்து வரவேற்றார். அங்கே நினைவு மண்டபம் இருக்கிறது, கூட்டம் குறைவு, கடல் காற்று நன்றாக வரும். பேய்க்கரும்பில் கலாம் நினைவிடம் பாம்பனிலிருந்து ராமேஸ்வரம் போகும் வழியிலேயே வருகிறது. இரண்டையும் ஊருக்குள் நுழையும்போதே முடித்துவிட்டால் மறுநாள் காலை முழுக்கத் தனுஷ்கோடிக்கு விட்டுவிடலாம்.